மாயா கோய்கோவிச்சின் அரசியல் பாதை: மாநகர மேயர் முதல் செர்பிய நாடாளுமன்றச் சபாநாயகர் வரை (அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்)

மாயா கோய்கோவிச் யார்? சுருக்கமாகச் சொல்ல முடியுமா?

செர்பியாவின் இரண்டாவது பெரிய நகரமான நோவி சாடில் 1963 மே 22 அன்று பிறந்தவர். சட்டம் படித்து வழக்கறிஞரானவர். 1990-களின் தொடக்கத்திலிருந்து அரசியலில் இருக்கிறார். அவர் வகித்த முக்கியப் பதவிகளை வரிசையாகச் சொன்னால்: 1998 முதல் செர்பிய அரசில் துறை இல்லாத அமைச்சர், 1999-2000-ல் யூகோஸ்லாவியக் கூட்டரசின் (செர்பியாவும் மொண்டெனேகுரோவும் சேர்ந்த அன்றைய நாடு) துணைப் பிரதமர், 2004-2008-ல் நோவி சாட் மேயர், 2014-2020-ல் நாடாளுமன்றச் சபாநாயகர், 2020-2024-ல் துணைப் பிரதமர் மற்றும் பண்பாட்டு அமைச்சர். 2024 மே 8 அன்று, நோவி சாடைத் தலைநகராகக் கொண்ட வொய்வொடினா தன்னாட்சி மாகாண அரசின் தலைவராகத் தேர்வானார்.

இந்த வரிசையில் ஒன்றைக் கவனிக்க வேண்டும். மேற்சொன்னவற்றில் மக்கள் அவர் பெயருக்கு நேராக வாக்களித்துக் கொடுத்த பதவி நோவி சாட் மேயர் பதவி மட்டும்தான். மற்ற எல்லாம் ஏதோ ஒரு மன்றத்தின் பெரும்பான்மை கொடுத்தவை. செர்பியாவில் ஒருவரின் அரசியல் வாழ்வு எப்படி நகர்கிறது என்று புரிந்துகொள்ள விரும்புபவர்கள் இங்கிருந்து தொடங்கலாம்.

2004-ல் அவர் மேயரானது எப்படி?

அன்று நடைமுறையில் இருந்தது 2002-ன் உள்ளாட்சிச் சட்டம். அதன்படி மேயரை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுத்தார்கள். முதல் சுற்றில் எவருக்கும் பாதிக்கு மேல் வாக்கு கிடைக்காவிட்டால், முதல் இருவருக்கும் இடையே இரண்டாம் சுற்று. 2004 செப்டம்பர் 19 முதல் சுற்று, அக்டோபர் 3 இரண்டாம் சுற்று. செர்பிய ராடிக்கல் கட்சியின் வேட்பாளராக நின்ற கோய்கோவிச் இரண்டாம் சுற்றில் ஜனநாயகக் கட்சியைத் தோற்கடித்தார். அதுவரை மேயராக இருந்த போரிஸ்லாவ் நோவாகோவிச்சும் ஜனநாயகக் கட்சிக்காரர்தான். நோவி சாடின் முதல் பெண் மேயர் கோய்கோவிச்.

நோவி சாட் பல மொழியினர் வாழும் நகரம். 1990-களில் அன்றைய செர்பியத் தலைவர் ஸ்லோபோடான் மிலோசெவிச்சின் ஆட்சிக்கு எதிரான அணிகள் வலுவாக இருந்த இடம். அங்கே ஒரு கடும் தேசியவாதக் கட்சி மேயர் பதவியைப் பிடித்தது பலருக்கும் அதிர்ச்சி. ஆனால் அதற்கு முந்தைய ஆண்டின் கடைசியில் நடந்த நாடாளுமன்றத் தேர்தலைப் பார்த்தால் அந்த அதிர்ச்சி குறையும். 2003 டிசம்பரில் ராடிக்கல் கட்சி 250-ல் 82 இடங்களைப் பெற்று, நாட்டின் மிகப் பெரிய ஒற்றைக் கட்சியாகிவிட்டது. கட்சித் தலைவர் வொயிஸ்லாவ் ஷெஷெல் அப்போது ஹேக் நகரில், போர்க்குற்றத் தீர்ப்பாயத்தின் காவலில். கட்சியை நடத்தியவர் தோமிஸ்லாவ் நிகோலிச். மத்தியில் ஆட்சி அமைக்க முடியாமல் நின்ற அந்தக் கட்சிக்கு நோவி சாட் மேயர் நாற்காலி பெரிய பரிசு.

மேயராக இருந்தால் நகரம் முழுவதும் அவர் கையில்தானா?

இல்லை. 2004 முறையின் சிக்கலே இதுதான். மேயரைத் தேர்ந்தெடுப்பது ஒரு வாக்குச்சீட்டு. மாநகர மன்றத்தைத் தேர்ந்தெடுப்பது இன்னொன்று. நோவி சாட் மன்றத்தில் 78 உறுப்பினர்கள். மேயரின் கட்சி அங்கே பெரிய கட்சியாக இருக்கலாம். ஆனால் 40 கைகள் உயராவிட்டால் வரவு செலவுத் திட்டம் நிறைவேறாது, நகரத் திட்ட வரைபடங்கள் நகராது. தலைநகர் பெல்கிரேடின் மேயரானாலும் சிறு நகரத்தின் தலைவரானாலும், 2004-ல் வென்ற பலர் மறுநாளே கூட்டணி தேடக் கிளம்பியது இதனால்தான்.

மேயரின் உண்மையான பலம் வேறு இடத்தில் இருக்கிறது. வரவு செலவுத் திட்டத்தை முன்வைப்பவர் அவர். மாநகர நிர்வாகக் குழுவுக்குத் தலைமை தாங்குபவரும் அவர். சட்டப்படி அந்தக் குழுவில் அதிகபட்சம் 11 பேர் இருக்கலாம். தண்ணீர், வெப்ப விநியோகம், பேருந்து, குப்பை, கட்டட நிலம் ஆகியவற்றைக் கவனிக்கும் பொது நிறுவனங்களின் தலைமைப் பதவிகள் கட்சிகளுக்கு இடையே பங்கு போடப்படும். கூட்டணிப் பேச்சு மேயர் பெயரில் தொடங்கினாலும், நீண்ட நேரம் எடுப்பது அந்தப் பொது நிறுவனங்களின் பங்கீடுதான்.

2008-ல் பதவி போனது ஏன்?

இரண்டு காரணங்கள் ஒரே நேரத்தில் சேர்ந்தன.

முதலாவது, சட்டம் மாறியது. 2007-ன் உள்ளாட்சிச் சட்டங்கள் நேரடி மேயர் தேர்தலை நீக்கின. 2008 மே 11 தேர்தலிலிருந்து மக்கள் மன்றத்தை மட்டும் தேர்ந்தெடுப்பார்கள், மன்றம் மேயரைத் தேர்ந்தெடுக்கும். தன் பெயருக்கு வாக்கு சேர்க்கும் திறமை பாதி மதிப்பை இழந்தது. கூட்டணி கட்டும் திறமை இரட்டிப்பு மதிப்பு பெற்றது.

இரண்டாவது, தேர்தலுக்கு முன்பே அவர் ராடிக்கல் கட்சியை விட்டு வெளியேறிவிட்டார். தன் பெயரிலேயே ஒரு வேட்பாளர் பட்டியலைப் போட்டியிடச் செய்தார். அந்தப் பட்டியலால் மேயர் பதவியைத் தக்கவைக்க முடியவில்லை. ஜனநாயகக் கட்சியின் இகோர் பாவ்லிச்சிச் மேயரானார்.

பதவியிலிருக்கும் மேயர் பெரிய கட்சியை விட்டு வந்து தனிப் பட்டியல் போடும்போது வழக்கமாக நடப்பது இது: பெயர் தெரிந்திருக்கும், ஆனால் வாக்குச்சாவடிகளில் உட்கார ஆள் இருக்காது, தேர்தலுக்குப் பிறகு பேச்சு நடத்தத் தேவையான இடங்களும் இருக்காது. அவர் விலகிய சில மாதங்களில், 2008 செப்டம்பரில், ராடிக்கல் கட்சியே பிளந்தது. ஐரோப்பிய ஒன்றியத்துடனான உடன்படிக்கையை ஆதரிப்பதா என்ற கேள்வியில் நிகோலிச்சும் அலெக்சாண்டர் வூச்சிச்சும் வெளியேறி செர்பிய முற்போக்குக் கட்சியைத் தொடங்கினார்கள். கோய்கோவிச் உடனே அவர்களுடன் சேரவில்லை.

பிறகு எப்படி மீண்டும் தேசிய அரசியலுக்கு வந்தார்?

மக்கள் கட்சி என்ற சிறு கட்சியைத் தொடங்கினார். 2010-ல் அது ‘செர்பியாவின் ஐக்கியப் பிராந்தியங்கள்’ என்ற கூட்டணியில் சேர்ந்தது, பின்னர் விலகியது. 2012 மே 6 தேர்தலில் முற்போக்குக் கட்சி தலைமையிலான பட்டியலில் இடம்பெற்றது. அந்தப் பட்டியல் 73 இடங்களைப் பெற்றது. அதே தேர்தலில் பழைய ராடிக்கல் கட்சி, இடம் பெறக் குறைந்தது தேவையான 5% வாக்கு வரம்பைத் தாண்ட முடியாமல் நாடாளுமன்றத்திலிருந்தே வெளியேறியது. 2012 டிசம்பரில் மக்கள் கட்சி முற்போக்குக் கட்சியில் கலந்துவிட்டது.

செர்பியாவில் சிறு கட்சிகளின் பயன் இதுதான். தனியாக நின்றால் அவை வரம்பைத் தாண்டுவது அரிது. ஆனால் ஒரு நகரத்தில் அறிமுகமான பெயரும் சில ஆயிரம் வாக்குகளும் இருந்தால், பெரிய பட்டியலில் நல்ல எண்ணில் ஓர் இடத்தைப் பேசி வாங்கலாம். வாங்கிய பிறகு கட்சியைத் தனியே வைத்திருக்க வேண்டிய தேவை குறைந்துவிடுகிறது.

பட்டியலில் எத்தனையாவது இடம் என்பது ஏன் இவ்வளவு முக்கியம்?

நாடு முழுவதும் ஒரே தொகுதி என்பதால். 2000-ம் ஆண்டுத் தேர்தலிலிருந்து செர்பிய நாடாளுமன்றத்தின் 250 இடங்களுக்கும் ஒரே வாக்குச்சீட்டு. வாக்காளர் ஒரு பட்டியலின் எண்ணை வட்டமிடுகிறார். அதற்குள் இருக்கும் வேட்பாளர்களில் ஒருவரைத் தேர்ந்தெடுக்க வழியில்லை. எனவே வேட்பாளரின் தலைவிதி வாக்கு நாளுக்கு முன்பே, பட்டியல் தயாரிக்கும் அறையில் பெருமளவு முடிவாகிறது.

இடங்கள் டோண்ட் முறையில் பிரிக்கப்படுகின்றன. ஒவ்வொரு பட்டியலின் வாக்குகளையும் 1, 2, 3 என்று வகுத்துக்கொண்டே போய், மிகப் பெரிய ஈவுகளுக்கு இடம் கொடுக்க வேண்டும். 5 இடங்கள், மூன்று பட்டியல்கள், வாக்குகள் 5,000, 3,100, 1,400 என்று வைத்துக்கொள்வோம். ஈவுகளை இறங்கு வரிசையில் எழுதினால் 5,000, 3,100, 2,500, 1,666, 1,550. முதல் பட்டியலுக்கு 3, இரண்டாவதற்கு 2, மூன்றாவதற்கு ஒன்றுமில்லை. மூன்றாவது பட்டியலின் 1,400 கடைசி ஈவான 1,550-க்குக் கீழே நின்றுவிடுகிறது. இந்த முறை பெரிய பட்டியலுக்குச் சற்றுச் சாதகம்; தேர்தலுக்கு முன்பே கூட்டணி சேரச் சொல்லித் தள்ளுவதும் இதே கணக்குதான்.

வரம்பு விகிதம் நீண்ட காலம் 5%. 2020 தொடக்கத்தில் அது 3% ஆகக் குறைக்கப்பட்டது. செல்லுபடியான வாக்குகளை மட்டும் கணக்கில் எடுப்பார்கள் என்று பலர் தவறாக நினைக்கிறார்கள். வாக்களித்த அனைவரும் கணக்கில் வருகிறார்கள். செல்லாத சீட்டும் வரம்பை உயர்த்துகிறது. 32 லட்சம் பேர் வாக்களித்தால் 96,000 வாக்குகள் தேவை. சிறுபான்மை இனக் கட்சிகளுக்கு இந்த வரம்பு இல்லை. 3%-க்குக் கீழே பெற்றால் அவற்றின் ஈவுகள் 35% கூட்டப்படுகின்றன. 26,000 வாக்குகள் 35,100 போலக் கணக்கிடப்படும்.

பாலின ஒதுக்கீடும் வரிசையோடு பிணைந்தது. பட்டியலின் ஒவ்வோர் ஐந்து பெயர்களிலும் குறைந்தது இரண்டு, எண்ணிக்கையில் குறைந்த பாலினத்தவருடையதாக இருக்க வேண்டும். பெண்களை மொத்தமாகப் பட்டியலின் கடைசிக்குத் தள்ளும் பழைய தந்திரம் இதனால் செல்லாது.

பட்டியலைப் பதிவு செய்ய என்ன வேண்டும்?

நாடாளுமன்றத்துக்கு 10,000 வாக்காளர்களின் கையெழுத்து. சிறுபான்மைப் பட்டியலுக்கு 5,000. ஒவ்வொரு கையெழுத்தும் நோட்டரி போன்ற அதிகாரம் பெற்றவர் முன் சான்றளிக்கப்பட வேண்டும். உள்ளூர்த் தேர்தலில் எண்ணிக்கை நகரத்தின் அளவைப் பொறுத்தது, பெல்கிரேடுக்கு 3,000. தேர்தல் அறிவித்த நாளிலிருந்து வாக்கு நாள் வரை குறைந்தது 45, அதிகபட்சம் 60 நாள். பட்டியலை வாக்கு நாளுக்கு 20 நாள் முன்னதாகக் கொடுத்துவிட வேண்டும்.

தவறு பெரும்பாலும் இங்கேதான் நடக்கிறது. வாக்காளர் பட்டியலில் இல்லாதவர்களின் கையெழுத்து, தவறான அடையாள எண், சான்று இல்லாத தாள்கள். ஆணையம் குறைகளைச் சுட்டிக்காட்டினால் சரிசெய்ய 48 மணி நேரம் கிடைக்கும். சரியாக 10,000-ல் நிறுத்தியவர்களுக்கு அந்த நேரம் போதாது. அனுபவமுள்ள கட்சிகள் தாராளமாகக் கூடுதல் கையெழுத்துகளைச் சேர்த்து வைக்கின்றன. பெரிய கட்சிக்கு இது ஒரு நாள் வேலை. ஒரு நகரத்தில் மட்டும் செல்வாக்குள்ள குழுவுக்கு இதுவே முதல் சுவர்.

உறுப்பினர் பதவி யாருடையது, கட்சியுடையதா அல்லது ஆளுடையதா?

2011 வரை நடைமுறையில் கட்சியுடையது. இரண்டு வழிகளில் அதை உறுதிசெய்தார்கள். ஒன்று, பட்டியல் வென்ற இடங்களை எண் வரிசையைப் பொருட்படுத்தாமல் கட்சி தன் விருப்பப்படி கொடுக்கலாம். 3-ம் எண்ணில் இருந்தவர் வெளியே நிற்க, 170-ம் எண்ணில் இருந்தவர் உள்ளே போவார். மற்றொன்று, தேதியிடாத ராஜினாமாக் கடிதம். வேட்பாளர் முன்கூட்டியே கையெழுத்திட்டுக் கொடுப்பார், கட்சி அலுவலகம் பத்திரப்படுத்தும். உறுப்பினர் முரண்டு பிடித்தால் தேதியை நிரப்பி நாடாளுமன்றத்தில் கொடுத்துவிடுவார்கள். மக்களாட்சிக்குப் பொருந்தாத வழக்கம் இது. ஐரோப்பிய ஒன்றியமும் இதைக் கடுமையாக விமர்சித்தது.

2011 சட்டத் திருத்தம் இரண்டையும் மாற்றியது. இடங்கள் எண் வரிசைப்படியே போகும். ராஜினாமாவை உறுப்பினரே, சான்றளிக்கப்பட்ட கையெழுத்துடன், நேரில் கொடுக்க வேண்டும். ஓர் இடம் காலியானால் அதே பட்டியலில் அடுத்து நிற்பவர் வருவார். கூட்டணிப் பட்டியலானால் அதே கட்சியின் அடுத்தவர். இடைத்தேர்தல் கிடையாது.

இதனால் 2011-க்கு முந்தைய வாழ்க்கைக் குறிப்புகளைப் படிக்கும்போது ஒரு எச்சரிக்கை தேவை. ‘பட்டியலில் 12-ம் இடம்’ என்று இருந்தால் அவர் உறுப்பினரானார் என்று பொருள் அல்ல. இடம் வழங்கப்பட்டதா என்று தனியே பார்க்க வேண்டும்.

ஒரே நேரத்தில் உள்ளூரிலும் நாடாளுமன்றத்திலும் இருக்க முடியுமா?

நகர மன்ற உறுப்பினராகவும் நாடாளுமன்ற உறுப்பினராகவும் இருக்கலாம். இரண்டும் மக்கள் வாக்கால் வருபவை. ஆனால் 2006 அரசியல் சட்டத்தின் 102-வது பிரிவு, நாடாளுமன்ற உறுப்பினர் மாகாணச் சபையிலோ நிர்வாகப் பதவியிலோ நீதித்துறைப் பதவியிலோ இருக்கக் கூடாது என்கிறது. அமைச்சரானால் நாடாளுமன்ற இடம் போய்விடும். 2020 ஜூன் தேர்தலில் வென்ற கோய்கோவிச் அக்டோபர் இறுதியில் அமைச்சரானபோது நடந்தது அதுவே. பட்டியல் முறையில் இது கட்சிக்கு வசதி: மேலே இருக்கும் பெயர்கள் அமைச்சர்களாக நகர, கீழே காத்திருப்பவர்கள் உள்ளே வருவார்கள்.

சபாநாயகராக அவர் காலம் எப்படி இருந்தது?

2014 மார்ச் தேர்தலில் முற்போக்குக் கட்சியின் பட்டியல் 158 இடங்களை வென்றது. ஏப்ரல் 23 அன்று கோய்கோவிச் சபாநாயகரானார். இந்தப் பதவிக்குத் தேவை 126 வாக்குகள். 2016 தேர்தலுக்குப் பிறகும் தொடர்ந்து, 2020 ஆகஸ்ட் வரை இருந்தார்.

சபாநாயகரின் அதிகாரம் மணியடிப்பதோடு முடிவதில்லை. நிகழ்ச்சி நிரலை முன்மொழிவது, கூட்டத்தைக் கூட்டுவது, குடியரசுத் தலைவர் தேர்தலை அறிவிப்பது எல்லாம் அவர் கையில். குடியரசுத் தலைவர் பதவி காலியானால் அதிகபட்சம் மூன்று மாதம் அவரே அந்தப் பொறுப்பை வகிப்பார். 2012-ல் போரிஸ் தாதிச் விலகியபோது அன்றைய சபாநாயகர் ஸ்லாவிட்சா ஜூகிச் தெயானோவிச் அப்படி வகித்தார். வழக்கமான கூட்டத்தொடர் ஆண்டுக்கு இரண்டு, மார்ச்சிலும் அக்டோபரிலும் தொடங்கும், ஒவ்வொன்றும் 90 நாளுக்கு மேல் போகாது. மற்ற நாட்களில் அரசு கேட்டாலோ மூன்றில் ஒரு பங்கு உறுப்பினர்கள் கேட்டாலோ சிறப்புக் கூட்டம்.

2016-ல் ராடிக்கல் கட்சி 22 இடங்களுடன் அவைக்குத் திரும்பியது, ஷெஷெல் உட்பட. தான் வளர்ந்த கட்சியின் தலைவருக்கு மேடையிலிருந்து பேச்சு நேரம் ஒதுக்கும் நிலையில் கோய்கோவிச் அமர்ந்திருந்தார்.

அவர் மீதான முக்கிய விமர்சனங்கள் எவை?

அவையின் விவாதத்தைச் சுருக்கினார் என்பதே முதன்மையானது. 2017 மார்ச்சில், ஏப்ரல் 2 குடியரசுத் தலைவர் தேர்தலை அறிவித்த கையோடு, பிரசாரக் காலத்தில் அவை அமர்வு இருக்காது என்று முடிவானது. அமைதியான பிரசாரத்துக்காக என்றது ஆளும் தரப்பு. அரசைக் கேள்வி கேட்க இருந்த ஒரே மேடையை மூடிவிட்டார்கள் என்றது எதிர்த்தரப்பு. 2017 டிசம்பரில் வரவு செலவு விவாதத்தின்போது ஆளும் கட்சி உறுப்பினர்களே நூற்றுக்கணக்கான திருத்தங்களைக் கொண்டுவந்தார்கள். விவாத நேரம் அதிலேயே கரைந்து, எதிர்க்கட்சித் திருத்தங்களுக்கு முறை வரவில்லை. ஐரோப்பிய ஆணையத்தின் அறிக்கைகளும் இந்த வழக்கத்தைக் குறை கூறின.

இந்த விமர்சனம் நியாயமானது. திருத்தம் கொண்டுவருவது எதிர்க்கட்சியின் கருவி. அதையே பெரும்பான்மை பயன்படுத்தும்போது, சபாநாயகர் விதிப்புத்தகத்தின் எழுத்துக்குள் நின்றாலும் அவையின் நோக்கம் கெடுகிறது. 2019 தொடக்கத்தில் எதிர்க்கட்சிகளில் பெரும்பகுதி அவையைப் புறக்கணித்தது. 2020 தேர்தலையும் முக்கிய எதிர்க்கட்சிகள் புறக்கணித்தன. முற்போக்குக் கட்சியின் பட்டியல் 250-ல் 188 இடங்களைப் பெற்றது. வரம்பை 3% ஆக்கியது புறக்கணிப்பின் தாக்கத்தைக் குறைக்கத்தான் என்று பலர் கருதினார்கள்.

பண்பாட்டு அமைச்சர் பதவி இறக்கமா?

துணைப் பிரதமர் பொறுப்புடன் வந்ததால் அப்படிச் சொல்ல முடியாது. மேலும் 2022-ல் நோவி சாட் ஐரோப்பியப் பண்பாட்டுத் தலைநகராக இருந்தது. பெருந்தொற்றால் 2021-லிருந்து தள்ளிப்போன நிகழ்வு அது. அந்த ஆண்டில் தன் சொந்த நகரத்துக்குப் பணமும் கவனமும் போகும் துறை அவரிடம் இருந்தது.

பெல்கிரேடிலிருந்து மாகாணத்துக்குத் திரும்பியது ஏன்?

வொய்வொடினா மாகாணச் சபையில் 120 உறுப்பினர்கள். மாகாண அரசின் தலைவராக 61 வாக்குகள் வேண்டும். எட்டு ஆண்டு பதவியிலிருந்த இகோர் மிரோவிச்சுக்குப் பின் கோய்கோவிச் வந்தார். மாகாணத்தின் வரவு செலவு, நாட்டின் வரவு செலவில் குறைந்தது 7% இருக்க வேண்டும் என்றும் அதில் ஏழில் மூன்று பங்கு மூலதனச் செலவுக்குப் போக வேண்டும் என்றும் அரசியல் சட்டத்திலேயே எழுதியிருக்கிறது. எனவே இது அலங்காரப் பதவி அல்ல: பள்ளி, மருத்துவமனை, வேளாண்மை, உள்ளூராட்சிகளுக்கான மானியம் எல்லாம் இதன் வழியே போகின்றன.

அதே வாரத்தில் எதிர்த்திசையில் இன்னொரு நோவி சாட்காரர் போய்க்கொண்டிருந்தார். 2012 முதல் 2022 வரை அந்நகர மேயராக இருந்த மிலோஷ் வூச்செவிச் பாதுகாப்பு அமைச்சராகி, 2023-ல் முற்போக்குக் கட்சித் தலைவராகி, 2024 மே 2 அன்று பிரதமரானார். 2024 நவம்பர் 1 அன்று நோவி சாட் ரயில் நிலையத்தின் முகப்புக் கூரை இடிந்து விழுந்தது. அதில் இறந்தவர்கள் மொத்தம் 16 பேர். மாணவர்களின் போராட்டம் நாடெங்கும் பரவியது. 2025 ஜனவரி 28 அன்று வூச்செவிச் பதவி விலகலை அறிவித்தார். மேயர் மிலான் ஜூரிச்சும் விலகினார். பத்தாண்டு மேயர் பதவியால் எழுந்த ஒருவரின் பிரதமர் பதவி ஓராண்டை எட்டும் முன்பே, அதே நகரத்தின் துயரத்தால் முடிந்தது.

மேயரை மன்றம் தேர்ந்தெடுக்கத் தவறினால் என்ன ஆகும்?

மன்றம் அமைந்து ஒரு மாதத்துக்குள் மேயரும் நிர்வாகக் குழுவும் தேர்வாகாவிட்டால் மன்றம் கலைக்கப்படும். மத்திய அரசு ஒரு தலைவரும் நான்கு உறுப்பினர்களும் கொண்ட தற்காலிகக் குழுவை நியமிக்கும். நாடாளுமன்றத்துக்கும் இதே போன்ற கெடு உண்டு: அவை அமைந்து 90 நாட்களுக்குள் அரசு அமையாவிட்டால் மறுதேர்தல். உள்ளூரில் இழுபறி நீண்டால் லாபம் எப்போதும் மத்தியில் ஆளும் கட்சிக்கே, ஏனெனில் தற்காலிகக் குழுவை நியமிப்பது அதுதான்.

ஒரு செர்பிய அரசியல்வாதியின் பதவிக் காலத்தைச் சரிபார்ப்பது எப்படி?

எந்த நாடாளுமன்றம் என்று முதலில் பிரித்துக்கொள்ளுங்கள். 1992 முதல் 2003 வரை யூகோஸ்லாவியக் கூட்டரசுக்குத் தனி நாடாளுமன்றம் இருந்தது: 138 பேர் கொண்ட குடிமக்கள் அவை, 40 பேர் கொண்ட குடியரசுகள் அவை. அதன் பின் 2006 வரை செர்பியா-மொண்டெனேகுரோ சபை. இவற்றோடு செர்பியாவின் 250 பேர் அவையும் நடந்துகொண்டே இருந்தது. மூன்றையும் ‘நாடாளுமன்ற உறுப்பினர்’ என்று எழுதிவிட்டால் ஆண்டுகள் மோதும். கோய்கோவிச்சின் 1990-கள் பற்றிய குறிப்புகளிலும் இந்தக் குழப்பம் எளிதில் நேரும்: 1999 வரை அவர் இருந்தது செர்பியக் குடியரசின் அரசில், 1999-க்குப் பின் கூட்டரசின் அரசில்.

அடுத்தது தேதி. வாக்கு நாள், அவையில் உறுப்பினராக உறுதிசெய்யப்பட்ட நாள், பதவியேற்ற நாள் மூன்றும் வேறு வேறு. பதவிக் காலம் தொடங்குவது அவை உறுதிசெய்த நாளில்தான். நான்கு ஆண்டுக் கணக்கும் அதிலிருந்தே. தேசிய அளவிலான தேர்வுகளும் விலகல்களும் குடியரசின் அரசிதழான ‘ஸ்லுஷ்பெனி கிளாஸ்னிக்’கில் வெளியாகும். நோவி சாட் போன்ற நகரங்களுக்குத் தனி அரசிதழ் உண்டு; மாநகர மன்ற முடிவுகளை அதில் தேட வேண்டும். செய்தித்தாள் தேதியும் அரசிதழ்த் தேதியும் சில நாள் வேறுபட்டால் அரசிதழைப் பின்பற்றுங்கள்.